பேராசிரியர் பார்த்த கால்கள்

அந்தப் படத்தை முதலில் பார்த்தபோது, உப்புப் பாத்தியில் நிற்கும் ஏதோ ஒரு சிறுமி என்றுதான் நினைத்தேன். பிறகு இடது புருவத்தை வெட்டிப்போகும் தழும்பைக் கவனித்தேன். என் அக்கா.

என் பேராசிரியரின் கட்டுரைகள், ஆசிரியர் பயிற்சி மாணவர்களுக்கான தொகுப்பாக வரவிருந்தன. பிழை திருத்தும் வேலையை என்னிடம் கொடுத்திருந்தார். எங்கள் வீட்டில் முதலில் கல்லூரி போனவன் நான். அவர் எழுத்து எனக்கு வேதம் மாதிரி. கடற்கரையைப் பாடிய பழைய பாட்டுகளில் உப்பு விற்கும் பெண்ணின் குரலைக் கேட்கவைத்தவர் அவர். உழைத்து உரமேறிய தோள் பிள்ளைக்குப் பிறப்பிலேயே வந்துவிடாது, பரிணாமம் அப்படி நடப்பதில்லை என்று புரியவைத்தவரும் அவர்தான். அதே கை, கல்வி பற்றிய கட்டுரையில், அந்தப் படத்துக்குக் கீழே இப்படி எழுதியிருந்தது: மரக்காணம் உப்பளத்தில் ஒரு சிறுமி, யாரும் கற்றுத்தராமலே, தாளம் தவறாமல் பாத்தியை மிதித்து இறுக்குகிறாள், தலைமுறைகளின் உழைப்பு அவள் கால்களில் இறங்கியிருக்கிறது, இவளை வகுப்பறையில் அடைப்பது இயற்கைக்கு விரோதம் என்று அவள் தந்தையிடமும் சொன்னேன்.

உடனே ஊருக்குப் பஸ் ஏறினேன். உப்பு வாரிக்கொண்டிருந்த அக்காவிடம் படத்தைக் காட்டி, படித்தும் சொன்னேன். குபீரென்று சிரித்தாள்.

"டேய், அது டிரில்லுடா! சுதந்திர தினத்துக்கு டீச்சர் சொல்லிக்குடுத்த லெஃப்ட் ரைட்டு. லீவு நாள்ல அப்பாவுக்குச் சோறு எடுத்துக்கினு வந்தவ, சும்மா போட்டுப் பாத்தேன். அதுக்கா இம்மாம் எழுதிக்கீறாரு?"

சிரிப்பு பாதியில் நின்றது. "அவரு வந்துட்டுப் போனப்புறந்தான் அப்பா என்னை ஸ்கூல்லேர்ந்து நிறுத்தினாரு."

நான் அப்போது கைக்குழந்தை. என் கால் அவர் கண்ணில் படவில்லை.

வரப்பில் உட்கார்ந்திருந்த அப்பா தலை நிமிரவில்லை. "படிச்சவரு, அவ்ளோ தூரம் வந்து சொன்னாரு. நான் என்னாத்தப்பா கண்டேன்?"

அங்கிருந்தே பேராசிரியருக்குப் போன் செய்தேன். டிரில்லைச் சொன்னேன், நின்றுபோன படிப்பைச் சொன்னேன், வாத்தியாராகப் போகிறவர்கள் படிக்கிற புத்தகம், அந்தக் கட்டுரையை எடுத்துவிடுங்கள் என்று கெஞ்சினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். எப்போதும்போல அன்பான குரலில், "அந்தப் பொண்ணு இப்ப என்ன பண்றாங்க?" என்றார்.

"உப்பு வார்றாங்கய்யா."

"பாத்தியா தம்பி? நான் எழுதினது சரியாத்தானே வந்திருக்குது."

போனை இறக்கினேன். அக்கா உப்பு வாரும் பலகையை ஊன்றிக்கொண்டு என் முகத்தையே பார்த்தாள். "என்னடா, தப்புன்னு ஒத்துக்கினாரா?"

புத்தகம் இப்போது வந்துவிட்டது. அச்சாகும் முன்பே, நன்றியுரையில் இருக்கும் என் பெயரையாவது எடுத்துவிடுங்கள் என்று கேட்டிருந்தேன். அதை மட்டும் எடுத்திருக்கிறார்கள்.