சாவு வீட்டுக்கு உடுத்திப்போன சேலை

விலாசினிக்கு நிறம் தெரியாது. பச்சை, மஞ்சள், சிவப்பு ஒன்றுமே கிடையாது. வெளுப்பு, கறுப்பு, இடையில் சாம்பல். கல்யாணமாகி உதியன்குளங்கரைக்கு வந்த வாரமே இதைச் சொல்லிவிட்டாள். சொன்னதுதான் வினையாகப் போயிற்று. "அப்போ இது என்ன நிறம்?" என்று ஊரே வாழையிலையை நீட்டியது. பச்சை என்பாள். இலை பச்சை என்று யாருக்குத்தான் தெரியாது? உடனே, "பாத்தியா, நிறம் தெரியாதுன்னு கள்ளம் பறையுதா!" என்பார்கள். சே, என்ன ஜென்மங்கள்!

கணவன் சுந்தரன் மஸ்கட்டில். அவன் கொடுத்தனுப்பிய நைலக்ஸ் சேலைகளில் ஒன்றுதான் அவள் குடியைக் கெடுத்தது.

சுந்தரனின் பெரியப்பா, அவர்கள் வாயில் வலியப்பன், வேலாயுதன் செத்துப்போனார். நிலச் சீர்திருத்தச் சட்டத்தில் இவர்கள் குடிசைக்குக் கிடைத்த பத்து சென்டில் பாதி தனக்கென்று சாகும்வரை சண்டை பிடித்த மனுஷன். மாமியார் சரசம்மா விடியுமுன்பே அங்கே போய்விட்டாள். சாவு வீடாச்சே என்று, விலாசினி இருப்பதிலேயே இருண்ட சேலையாகப் பார்த்து உடுத்திப் போனாள். அவள் கண்ணுக்கு அது கறுப்பு. ஊர் கண்ணுக்கு ரத்தச் சிவப்பு.

வேலாயுதனின் மனைவி சரோஜத்தின் ஒப்பாரியே நின்றுவிட்டது. கிழவன் செத்த சந்தோஷத்தில் கல்யாணச் சேலை உடுத்தி வந்துவிட்டாளாம்!

"பதினாறாம் நாள் அடியந்திரத்தன்னைக்கு சரோஜம் அக்கா உன்னப் பொறுத்தா இங்க கிட. இல்லேங்கி உங்க அம்மை வீட்டுக்குப் போ" என்றாள் சரசம்மா.

"நிறம் தெரியாதாக்கும்னு எத்தற தடவ சொல்லுதது மாமி?"

"அப்போ என் ஜம்பர் என்ன நிறம்?" சரசம்மா தன் ரவிக்கையைத் தொட்டுக் காட்டினாள்.

விலாசினி தலையில் அடித்துக்கொண்டாள்.

பதினாறாம் நாள் காரியத்துக்குச் சரசம்மா எடுத்துக் கொடுத்த சேலையில் போனாள். சரோஜம் வெள்ளைச் சேலையில் உட்கார்ந்திருந்தாள். இனி சாகும்வரை அவளுக்கு அதுதான். பெண்கள் சூழ்ந்துகொண்டார்கள். "இந்த வளையல் என்ன நிறம்? இது?"

"தெரியாது! தெரியவே தெரியாது! என்னைக் கொல்லுங்க!"

சரோஜம் கையமர்த்தினாள். "எட்டி, இங்க வா. நான் உடுத்திருக்கது என்ன நிறம்?"

இவளுமா! விலாசினிக்கு எரிந்துகொண்டு வந்தது. "எனக்கென்ன தெரியும் வலியம்மை? ஓணத்துக்கு வலியப்பன் எடுத்துத் தந்தத உடுத்திட்டு நின்னியளே, அதுதானே இது? அன்னைக்கு இருந்தது போலத்தான் இருக்கிய."

ஓணத்துக்கு எடுத்தது இளமஞ்சள். விலாசினி கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். சரசம்மா பயந்துபோய் மருமகளின் தோளைப் பிடித்து இழுத்தாள்.

"விடு அவள" என்றாள் சரோஜம். "இவ எங்கயும் போகண்டாம் சரசம்மா. இவ கண்ணுலயாவது நான் அப்படியே இருக்கட்டு."