பொன்னாடை போர்த்திய டிவி

பத்து நிமிடம் மட்டுமே பார்த்த ஒரு படத்தைப் பற்றி நான் கால் மணி நேரம் மேடையில் பேசியிருக்கிறேன். அதுவும், அதில் நடித்தவரைப் பக்கத்திலேயே உட்கார வைத்துக்கொண்டு.

தொண்ணூறுகளின் நடுவில், கலிஃபோர்னியாவின் சன்னிவேலில் எங்கள் கீழ்வீட்டில் ஓர் அமெரிக்க அம்மாள் தனியாகக் குடியிருந்தார். பொதுச் சலவை அறையில் ஒருநாள், ஐம்பதுகளில் சில படங்களில் நடித்ததாகச் சொன்னார். என் கையிலிருந்த சோப்புத்தூள் சிந்திவிட்டது. அந்தக் காலத்து நடிகை என்றால் நம் ஊரில் தெருவுக்கே பெயர் வைத்திருப்பார்கள். இவரோ காலுறைக்கு ஜோடி தேடிக்கொண்டிருந்தார்.

கெஞ்சி வாங்கி வந்த வீடியோ காசெட்டில், ஒரு டாக்டர் மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து, பெற்றோர் சொல் கேளாத பெண்களின் கதியை விளக்கினார். அம்மாவிடம் பொய் சொல்லிவிட்டுப் பார்ட்டிக்குக் கிளம்பும் மகளாக இவர். நல்ல குடும்பப் படம் என்று முடிவு கட்டினேன். அதற்குள் என் பெண் கார்ட்டூன் கேட்டு அழ, காசெட்டை நிறுத்தினேன்.

அந்த வருடம் பொங்கல் விழாவுக்கு வரவேண்டிய பேராசிரியருக்கு விசா கிடைக்கவில்லை. தமிழ்ச் சங்கத் தலைவர் ஃபோனில் புலம்பினார்.

“சீஃப் கெஸ்ட் இல்லாம எப்படிங்க ஃபங்ஷன் பண்றது? வாங்கி வச்ச பொன்னாடைய நானே போத்திக்கவா?”

“ஹாலிவுட் நடிகை ஓகேவா?”

“யோவ், விளையாடாதய்யா.” உடனே குரலைத் தாழ்த்தினார். “கிளிப் ஏதாவது போட முடியுமா?”

அழைக்கப் போனபோது அந்த அம்மாள் தயங்கினார். “படத்தை முழுவதும் பார்த்தீர்களா?”

“இரண்டு தடவை.”

“விழாவுக்கு யார் வருவார்கள்?”

“குடும்பத்தோடு எல்லாரும்.”

என்னை ஒரு மாதிரி பார்த்தார். “உங்கள் ஆட்களை என்னால் புரிந்துகொள்ள முடியவில்லை” என்றவர், என்ன உடுத்தி வரவேண்டும் என்று மட்டும் கேட்டார்.

பள்ளிக்கூட கஃபடேரியாவில் விழா. நான் இத்தாலியப் படங்களில் தொடங்கி ஜப்பான் வழியாகச் சுற்றி வந்து உட்கார்ந்தேன். பொன்னாடை போர்த்தினார்கள். பிறகு காசெட்டைப் போட்டார்கள். டாக்டர் பேசப் பேச, பின்வரிசை மாமா ஒருவர் உருகிவிட்டார்.

“கரெக்ட்டா சொல்றான் பாரு. நல்லா கேட்டுக்கோடி.”

“டாட், ப்ளீஸ்!”

பார்ட்டிக் காட்சி வந்தது. ஒருவன் நெருங்கினான். கவுனின் ஒரு தோள்பட்டி நழுவியது. அப்புறம் இன்னொன்று. இந்த மாதிரி மலிவுப் படங்களில் டாக்டரின் உபதேசம் சென்சாருக்கான கும்பிடு மட்டுமே, அவர் கூடாது என்றதையெல்லாம் காட்டத்தான் மீதிப் படம் என்பதைப் பிற்பாடு நூலகத்தில் படித்துத் தெரிந்துகொண்டேன். அறிவு எனக்கு எப்போதும் அடுத்த பஸ்ஸில்தான் வரும்.

ரிமோட்டைக் காணோம். தலைவர் என்னைப் பார்த்த பார்வையை எழுத முடியாது. அந்த அம்மாள் எழுந்தார். நிதானமாக நடந்துபோய், தோளிலிருந்த பொன்னாடையை எடுத்து டிவி மேல் போர்த்தினார். ஜரிகைக்குப் பின்னாலிருந்து சாக்ஸபோன் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது.

மைக்கைப் பிடித்து, “இதற்கு மேல் கதை எதுவும் கிடையாது. அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. படம் எடுத்த இடத்தில் ஹீட்டரும் கிடையாது” என்றார்.

அரங்கம் கைதட்டியது. சிலர் எழுந்து நின்றார்கள். டாக்டருக்கா, அவருக்கா, டிவி மூடப்பட்டதற்கா, எனக்கு விளங்கவில்லை.

காரில் அவர் ஜன்னலைப் பார்த்துச் சிரித்தார். அப்புறம் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மடியில் பொன்னாடை மடித்துக் கிடந்தது.

“என்மேல் கோபமா?” என்றேன்.

“யோசித்துக்கொண்டிருக்கிறேன்.”

வீடு வந்து சேரும்வரை யோசித்தார். முடிவைச் சொல்லவில்லை.

நான் மாடியேறி, விழாவிலிருந்து எனக்கு முன் வீடு திரும்பியிருந்த மனைவியிடம் கேட்டேன். “அந்தப் படத்தால அவங்க மனசு புண்பட்டிருக்குமோ?”

“படத்தால இருக்காது” என்றாள், பொங்கலை டப்பாவில் மாற்றிக்கொண்டே. “அவ்ளோ நேரம் பேசினீங்களே, அவங்க பேர ஒரு தடவையாவது சொன்னீங்களா?”