வைக்கோல் போருக்குள் ஒரு சிரிப்பு

நாடகத்தில் எனக்குக் கதாநாயகன் வேடம் ஒருநாளும் கிடைத்ததில்லை. வெள்ளைக்காரத் துரை, டாக்டர், தபால்காரன் என்று வந்து நாலு வார்த்தை பேசிவிட்டுப் போகிறவன் நான். ஓரளவு பேர் வாங்கித் தந்தது, திருடனைத் துரத்தி வழுக்கி விழுகிற போலீஸ் வேடம்தான்.

எல்லைப் போராட்டம் நடந்த காலம். மலையாள நாட்டோடு இருந்த எங்கள் பக்கத்தைத் தமிழ்நாட்டோடு சேர்க்கக் கேட்ட இளைஞர்களைப் போலீஸ் தேடிக்கொண்டிருந்தது. அன்று உதியன்குளங்கரையில் நாடகம். அங்கே உடை மாற்ற இடம் இருக்காது என்பதால், வழக்கம்போல போலீஸ் வேடத்தோடேயே சைக்கிளில் கிளம்பினேன். கொல்லயில் பக்கம் போகும்போது செயின் கழன்றது. மாட்டிவிட்டு, கை கழுவத் தண்ணீர் கேட்டு ஒரு வீட்டு முற்றத்தில் ஏறினேன்.

காக்கியைக் கண்டதும் அந்த வீட்டம்மா கும்பிட்டாள். "எனக்க மோன் இங்க இல்ல ஏமானே."

"நான் போலீஸ் இல்லம்மா, நாடகக்காரனாக்கும்."

அவள் நம்பவில்லை. அழத் தொடங்கிவிட்டாள். எனக்கு வேறு வழி தெரியவில்லை. முற்றத்தில் ஓடி, மேடையில் விழுவதுபோலவே கால் இரண்டும் மேலே போக மல்லாந்து விழுந்தேன்.

வைக்கோல் போர் சிரித்தது.

"அம்மா, இது வழுக்கி விழுற போலீஸாக்கும்! பள்ளி நாடகத்துல கண்டிட்டுண்டு" என்றபடி, தலையெல்லாம் வைக்கோலோடு அவள் மகன் வெளியே வந்தான்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவனுடைய சட்டையை என்னிடம் நீட்டினாள். "காக்கிய மாத்திட்டுப் போ மக்கா. நம்ம ஆளுவகிட்ட அடி வாங்கிருவ."

அதன் பிறகும் எத்தனையோ மேடைகளில் விழுந்தேன், சிரித்தார்கள். ஆனால் சத்தம் கேட்டால் பிடிபடுவோம் என்று தெரிந்தும் அடக்க முடியாமல் சிரித்தவன் அவன் ஒருவன்தான்.