சரிவுப் பாதைக்கு ஒரு மேல்முறையீடு

மேல்முறையீட்டு மனுவை, கிடைத்த முப்பது நாட்களுக்குள் பைசல் செய்ய வேண்டும். தாமதமானால் காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். விதி இவ்வளவுதான். தையில் கொடுத்த என் மனைவியின் மனு சித்திரை வரை மேஜை மேஜையாகப் போய்க்கொண்டிருந்தது. காரணத்தை யாரும் எழுதவில்லை. கேட்டால் வாயால் சொன்னார்கள்: பரிசீலனையில் இருக்கிறதாம்.

விஷயம் சின்னது. பக்கவாதத்துக்குப் பிறகு அவள் சக்கர நாற்காலியில். மயிலாப்பூரில் எங்கள் வீட்டு வாசலில் மூன்று படி. அதன்மேல் கட்டியிருந்த சிமெண்ட் சரிவு நடைபாதையில் ஒரு முழம் நீட்டிக்கொண்டிருக்கிறது என்று மாநகராட்சிக்காரர்கள் இடித்துவிட்டார்கள். அதை எதிர்த்துத்தான் மனு. மாடவீதிக்குப் போய்த் தன் கையால் அழுத்திப் பார்த்துக் காய்கறி வாங்குகிறவள், அன்றிலிருந்து ஜன்னலோரம். நான் வாங்கி வரும் காய்களில் சொத்தையை மட்டும் தனியாக எடுத்துவைத்துக் காட்டுவாள்.

நினைவூட்டல்கள் அனுப்பினேன். பிறகு உயர் நீதிமன்றம். கோடை விடுமுறை முடிந்ததும் உத்தரவு கிடைத்தது: நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்தில் முடிவெடுக்க வேண்டும். இணையதளத்தில் எடுத்த நகலை மாநகராட்சி அலுவலகத் தபால் பிரிவில் நீட்டினேன்.

"இன்னா சார், நீயே பிரிண்ட் எட்த்துனு வந்துகீற? சீல் போட்ட காப்பி குடு."

கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. அந்தக் குமாஸ்தா நாற்காலியில் இருந்தால் நானும் அதையேதான் கேட்டிருப்பேன். சான்றிட்ட நகல் வாங்கிக் கொடுத்த பிறகே கெடு ஓடத் தொடங்கியது. நான் கூடத்துக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டிருந்தேன்.

கெடு முடியும் வாரத்தில், தெருமுனை ஆட்டோக்காரர் நீளப் பலகை ஒன்றோடு வந்தார். "படி மேல போட்டா வண்டி தன்னால எறங்கிடும்மா. நான் புட்ச்சிக்கிறேன்."

"மனு நிலுவையில இருக்குப்பா. இப்போ பலகை போட்டா, சரிவே வேண்டாம்னு ஆபீஸ்ல எழுதிடுவா," என்றேன்.

"நிலுவைன்னா இன்னா சார்?"

"நான் இங்க உக்காந்துண்டிருக்கேனே, அதுதான்," என்றாள் மனைவி. "நீ போடுப்பா."

அவர் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு தெருத் திருப்பத்தில் மறைந்த சற்று நேரத்தில் தபால்காரர் வந்தார். பதிவுத் தபால், அவள் பெயருக்கு.

"அம்மா இல்லீங்களா?"

"வெளில போயிருக்கா." இதைச் சொல்லி எத்தனை மாதம் ஆயிற்று!

"பரவால்ல, நீங்களே கையெழுத்துப் போடுங்க சார்."

பெறுநரோ, அவர் எழுத்துமூலம் அதிகாரம் கொடுத்தவரோ மட்டுமே பெறலாம். உறையில் அலுவலக முத்திரை தெரிந்தது. விரல்கள் பரபரத்தன.

"நாளைக்குக் கொண்டு வாங்கோ," என்றேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு வண்டியைக் கிளப்பினார்.

வெயில் ஏறிய முகத்தோடு திரும்பியவளிடம் சொன்னேன்.

"திருப்பி அனுப்பிட்டேளா? பேஷ்! அவாளுக்கு நீங்க ஒருத்தர்தான் கொறச்சல்."

சரிவை நடைபாதையைத் தொடாமல் வளைத்துக் கட்டிக்கொள்ளலாம் என்ற அந்தப் பதில், அவள் கையெழுத்தின் பேரில் எங்கள் வீட்டுக்குள் வந்தது ஆவணி மாதக் கடைசிச் சனிக்கிழமை.