கிடக்கட்டும் அந்த அப்பீல்

தேவதானம் உக்கிரபாண்டி பட்டாளத்தில் ஹவில்தாராக ஓய்வு பெற்று வந்தபோது, ஊருக்கு மேற்கே கிணற்றோடு இருந்த நிலத்தைத் தம்பி கருத்தப்பாண்டி உழுதுகொண்டிருந்தான். அண்ணன் சம்பாத்தியத்தில் அப்பா பெயருக்கு வாங்கிய நிலம். அப்பா எதையும் பிரித்து எழுதாமலே போய்ச் சேர்ந்துவிட்டார்.

உக்கிரபாண்டி முள்வேலி அடைத்தார். தம்பி அதைப் பிடுங்கிப் போட்டுவிட்டு எள் விதைத்தான். அத்துமீறி நுழைந்ததாக ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் அண்ணன் வழக்குப் போட்டார். முதல் எதிரி தம்பி. இரண்டாம் எதிரி தம்பி மகன் சோலைராஜ். வேலி பிடுங்கிய அன்று சோலைராஜ் ஊரிலேயே இல்லை. அது உக்கிரபாண்டிக்கு நன்றாகத் தெரியும்.

அவர் எல்லையில் கிடந்த வருடங்களில் பிள்ளையில்லாத அவர் மனைவி முத்துப்பேச்சியின் கையில் சாப்பிட்டு வளர்ந்தவன் சோலைராஜ். லீவில் வரும்போதெல்லாம் வீட்டில் அவன் பேச்சாகவே இருக்கும். வந்தவரிடம் கேட்க அவளுக்கு ஒன்றும் இருக்காது.

எண்பத்தெட்டில் இருவருக்கும் விடுதலை ஆனது. நிலம் யாருடையது என்பதே தகராறு, தன்னுடையது என்று நம்பி இறங்கியவன் மேல் குற்றம் சொல்ல முடியாது, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று மாஜிஸ்திரேட் எழுதிவிட்டார். உக்கிரபாண்டியும் அப்படித்தான் செய்வதாக இருந்தார்.

ஒரு மாதம் கழித்து, சோலைராஜ் போலீஸ் வேலைக்குத் தேர்வாகிவிட்டான் என்று முத்துப்பேச்சி சோறு போடும்போது சொன்னாள். சொல்லும்போதே அவளுக்குக் கண் கலங்கியது. அவர் இரண்டாம் தடவை ரசம் கேட்டு வாங்கி, நிதானமாகச் சாப்பிட்டு முடித்துவிட்டு, இராஜபாளையத்துக்குப் பஸ் ஏறினார்.

வக்கீல் சுயம்புலிங்கம் ஒளிக்காமல் சொன்னார். மெட்ராஸ் ஐகோர்ட்டில் தனியாக அனுமதி வாங்க வேண்டும், வாங்கினாலும் இந்த அப்பீல் நிற்காது, விசாரணைக்கு எடுக்கவே வருடக்கணக்கில் ஆகும் என்றார்.

"செயிக்க வேண்டாம் சார். கெடக்கணும். அம்புட்டுதான்," என்றார் உக்கிரபாண்டி.

அனுமதி கிடைத்தது. அப்பீல் கிடந்தது. நன்னடத்தை விசாரிக்க வந்த போலீஸ்காரரிடம் விஷயத்தை உக்கிரபாண்டியே வலியப் போய்ச் சொன்னார். சோலைராஜுக்கு வர வேண்டிய உத்தரவு நின்றுபோனது. மறுபடி ஆள் எடுத்தபோது ஓட்டத்தில் முதலாவதாக வந்தான். அப்போதும் வழக்கு நிலுவையில் இருக்கிறது என்று திருப்பி அனுப்பினார்கள்.

கடைசியில் கருத்தப்பாண்டி துண்டைக் கையில் பிடித்துக்கொண்டு அண்ணன் வாசலுக்கு வந்தான்.

"அண்ணே, நெலம் பூராத்தையும் நீங்களே வச்சுக்கிருங்க. பயல விட்ருங்க."

சரி என்று சொல்லி, தம்பியைப் பத்திர ஆபீசுக்குக் கூட்டிப்போய், அவன் பங்கைத் தன் பெயருக்கு எழுதி வாங்கிக்கொண்டார் உக்கிரபாண்டி. படியிறங்கும்போது தம்பி, அப்பீலை எப்போது வாபஸ் வாங்குவீர்கள் என்று கேட்டான்.

"வாங்குவோம்ல. என்ன அவசரம்?"

வாங்கவே இல்லை. முத்துப்பேச்சி பொறுத்துப் பார்த்துவிட்டு ஒரு நாள் கேட்டாள். "அதான் நெலம் வந்துருச்சே. பொறவு எதுக்கு அந்தப் புள்ளைய அறுக்கீக?"

"நெலம் யாருக்குடி வேணும்? நீ அவன நெனச்சு அழுவுதேல்ல, அழு."

அன்றே மாற்றுச் சேலையோடு தளவாய்புரத்தில் தங்கை வீட்டுக்குப் போனவள் திரும்பவே இல்லை. அவர் தானே பொங்கித் தின்றார்.

சோலைராஜுக்கு வயது வரம்பு தாண்டியது. இராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி வெளுக்கும் ஆலையில் சேர்ந்தான்.

தொண்ணூற்றைந்தில் ஐகோர்ட் அப்பீலைத் தள்ளியது. வக்கீல் குமாஸ்தா தயங்கித் தயங்கிச் சொன்னபோது உக்கிரபாண்டிக்கு வருத்தமே இல்லை. வெளுத்த சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டு, டவுன் பஸ் பிடித்து, ஆலை வாசலுக்குப் போய் தம்பி மகனைக் கூப்பிடச் சொன்னார். பிளீச்சிங் பவுடரில் வெடித்த கைகளைக் கைலியில் துடைத்தபடி சோலைராஜ் வந்தான்.

"ஏலே, ஐகோர்ட்லயும் ஒனக்கு விடுதலைதாம்ல. இனிமே ஒம் மேல ஒரு குத்தமும் கெடையாது. போலீசுக்கு எழுதிப் போடு."

அவன் அழுவான், அடிக்கக் கூட வருவான் என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்திருந்தார்.

"சரி பெரியப்பா," என்றான் சோலைராஜ். துணி கொதியில் கிடக்கிறது என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டான்.

உக்கிரபாண்டி எதிர்த்த டீக்கடையில் ஷிப்டு முடியும்வரை உட்கார்ந்திருந்தார். சங்கு ஊதியதும் ஆட்களோடு ஆளாக வெளியே வந்த சோலைராஜ், கூட வந்தவனிடம் ஏதோ பேசிக்கொண்டே சைக்கிளில் ஏறி அவரைத் தாண்டிப் போனான்.