பார்த்தேன் என்று சொன்னவர்

குளத்து மிருகங்களைப் பற்றிப் படம் எடுக்கலாம் என்று மாத்தளையிலிருந்து கமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன். என் புத்தி எப்போதும் அப்படித்தான். கையில் இருக்கிற வேலையை விட்டுவிட்டு இல்லாத ஒன்றைத் தேடிப் போகும். நாவுலப் பக்கம் ஒரு குளத்தில் ஆள் நீளத்துக்கும் மேலாக, கறுப்பாக ஒன்று இருக்கிறது என்று கேள்விப்பட்டேன். அங்கே போனால் எல்லோரும் வேறு யாரோ பார்த்ததைத்தான் சொன்னார்கள். தானே பார்த்தவர் ஒருவரும் அகப்படவில்லை.

மூன்று நாள் அலைந்தேன். மூன்று நாளும் எனக்குச் சோறு போட்டவர் அந்தக் குளத்தில் மீன் பிடிக்கிற ஒரு முஸ்லிம் அண்ணன், அவர்கள் பேச்சில் நானா. அவரும் அவர் மனைவியின் தம்பியும் ஒரே தோணியில் போவார்கள். மச்சான் துடுப்புப் போட, நானா வலை இழுப்பார். மூன்றாம் நாள் நான் மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கொண்டு பஸ்ஸுக்குக் கிளம்ப, நானாவே கூப்பிட்டு கமராவுக்கு முன்னால் உட்கார்ந்தார்.

"எப்படிச் சொல்லணும் தம்பி?"

"பார்த்த மாதிரியே சொல்லுங்க நானா."

சொன்னார். முதுகு, வால், தோணி ஆடியது எல்லாம் சொன்னார். வந்தவனை வெறுங்கையோடு அனுப்ப அவருக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான். அது எனக்கு அப்போதே தெரியும். படம் வெளிநாட்டுக்குத்தான் போகும், இங்கே யாரும் பார்க்கமாட்டார்கள் என்று வேறு நான் சொல்லியிருந்தேன். வீட்டுக்கு வந்ததும் பெருமை தாங்கவில்லை. அவர் கேள்வியையும் என் பதிலையும் வெட்டிவிட்டு, ஒரு நிமிடத் துண்டை ஃபேஸ்புக்கில் போட்டேன்.

அடுத்த கிழமை நானாவின் மனைவி போன் எடுத்தார்.

"தம்பி, இவர யாரும் தோணியில ஏத்த மாட்டேங்கிறாங்க. என் தம்பியே மாட்டேங்கிறான்."

குளத்தில் இருக்கிறதைப் பார்த்தவனின் முகம் அதற்கு மறக்காதாம் என்றார். அவன் ஏறுகிற தோணியைத் தேடி வருமாம். அதனால் பார்த்தவனோடு யாரும் தண்ணீருக்குப் போவதில்லை. பார்த்தவர் ஒருவரும் ஏன் அகப்படவில்லை என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. நானாவுக்கு இது முன்பே தெரியும். என் வார்த்தையை நம்பித்தான் வாயைத் திறந்திருக்கிறார்.

துண்டை அழித்தேன். அதற்குள் அது ஊரில் எல்லார் போனிலும் ஏறிவிட்டது. முழுப் பதிவையாவது காட்டலாம் என்றால், அதை அழித்துவிட்டு அதே மெமரி கார்டில் ஒரு கல்யாண வீட்டை எடுத்து முடித்திருந்தேன். என்மேல் எனக்கே வெறுப்பாக இருந்தது.

நாவுலவுக்கு ஓடினேன். மச்சானைக் கெஞ்சிக் கரையில் நிறுத்திவைத்து, நானாவை மறுபடியும் கமராவுக்கு முன்னால் உட்காரவைத்தேன். பார்க்கவில்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

நானா சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"எப்படிச் சொல்லணும் தம்பி?"

மச்சான் சிரிக்கக்கூட இல்லை. "நீங்க கேக்கிறதத்தானே இவர் சொல்லுவாரு," என்றார் என்னிடம். "எனக்குச் சின்னப் புள்ளைங்க இருக்கு." வேறொருவரை ஏற்றிக்கொண்டு தோணியைத் தள்ளினார்.

கமராவை நான் நிறுத்தவில்லை. நானா அதைப் பார்த்து, நான் ஒன்றும் சொல்லிக்கொடுக்காமலே, பார்க்கவில்லை, அல்லா மேல் சத்தியமாகப் பார்க்கவில்லை என்று நிதானமாகச் சொல்லி முடித்தார். தோணி அதற்குள் நடுக்குளத்துக்குப் போய்விட்டது.

"நல்லா வந்திருக்கா தம்பி?" என்று கேட்டார்.