நான்காக மடித்த பெல்ட்

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். பள்ளிக்கூடத்திலும் சரி, வீட்டிலும் சரி, கேள்வி முடியுமுன் பதில் வந்துவிடும். அப்படிப்பட்ட நான் ஒரே ஒரு கேள்விக்கு மட்டும் 'இல்லை' என்று ஒற்றைச் சொல்லில் பதில் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டேன். அந்தச் சொல் இன்றுவரை தொண்டையில் மீன்முள்ளாக நிற்கிறது.

யாழ்ப்பாணத்தில், தொண்டைமானாற்றில் எங்கள் வீட்டு முற்றத்தில் ஒரு வான் நின்றது. என் கணவர் ஆசையாக வாங்கிய டீசல் வான். யுத்தத்தில் பொருளாதாரத் தடை வந்தபிறகு டீசல் கண்ணால் காணக் கிடைக்கவில்லை. மண்ணெண்ணெய்க்குள் கொஞ்சம் தேங்காய் எண்ணெயைக் கலந்து ஓட்டினார். வான் ஒழுங்கையால் போனால், யாரோ வடை சுடுகிறார்கள் என்று நாய்கள் மூக்கை நீட்டிக்கொண்டு பின்னால் ஓடும். நான் அதைச் சொல்லிச் சிரிப்பேன். அவருக்குப் பிடிக்காது. என்னைவிட அந்த வானை அவர் கவனமாகத் துடைத்தார் என்பது ஊருக்கே தெரிந்த விஷயம்.

அந்த வருடம் என் தங்கச்சி தலைப்பிள்ளைக்கு எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். அவள் கட்டிப் போனது மானிப்பாயில். எங்கள் அம்மா இல்லை. பத்து வயது மூத்தவள் நான்தான் அம்மா என்ற கணக்கில், ஏழாம் மாதம் முடிய அழைத்துக்கொண்டு வந்துவிட்டேன். முதல் பிள்ளை தாய்வீட்டில்தான். அதில் எங்கள் ஆட்கள் விட்டுக்கொடுக்க மாட்டார்கள்.

ஆனால் பிள்ளை வயிற்றில் குறுக்கே கிடந்தது. மானிப்பாய் ஆஸ்பத்திரியில் பார்த்த டொக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, திரும்பாவிட்டால் வயிற்றை வெட்டித்தான் எடுக்க வேண்டும், பேற்றுக் குத்துத் தொடங்கினால் சுணங்காமல் உடனே கொண்டு வாருங்கள், இல்லாவிட்டால் இரண்டு உயிருக்கும் உத்தரவாதம் இல்லை என்றார். வீட்டில் வான் நிற்கிறது, பயமில்லை என்று நான் பெருமையாகச் சொன்னேன்.

அந்தக் கிழமையே வான் எஞ்சினிலிருந்து தண்ணீர் ஒழுகியது. பக்கத்து ஒழுங்கை மெக்கானிக் முன்மூடியைக் கழற்றிப் பார்த்துவிட்டு எங்கள் இருவரையும் கூப்பிட்டுக் காட்டினார். உள்ளே பல்லுப் பல்லாய் ஒரு ரப்பர் வார், எஞ்சினின் இரண்டு சில்லுகளைச் சுற்றிக் கிடந்தது. வெடித்து, மூன்று நான்கு பல்லுகள் தேய்ந்து போயிருந்தன.

"உதுதான் டைமிங் பெல்ட் அண்ணை. உது அறுந்தால் வால்வெல்லாம் போய் பிஸ்டனோடை முட்டும். பேந்து எஞ்சினைத் தாட்டுப்போட்டுத் தலைமுழுக வேண்டியதுதான்."

யாழ்ப்பாணத்தில் அந்தப் பெல்ட் ஒரு கடையிலும் இல்லை. வாகனச் சாமான் ஒன்றையும் ஆமி உள்ளே விடாத காலம். நான் அடுத்த கிழமை ரீச்சர் வேலையில் பதவி உயர்வுக்கான நேர்முகத்துக்குக் கொழும்பு போக இருந்தேன். நான் கொண்டு வருகிறேன் என்றேன்.

"உம்மாலை உதெல்லாம் ஏலாது" என்றார் என் கணவர்.

அவர் அப்படிச் சொல்லாமல் இருந்திருந்தால் நான் ஒருவேளை கொண்டு வந்தே இருக்கமாட்டேன்.

கொழும்பில் கடைக்காரர் பெல்ட்டை எடுத்துத் தரும்போது, "மடிச்சிராதீங்கம்மா, வளையமாவே கொண்டு போங்க" என்றார். மெக்கானிக்கும் அதைத்தான் சொல்லி அனுப்பியிருந்தார். சரி என்று, உள்பாவாடையோடு நாலு இடத்தில் நாடா வைத்துத் தைத்து, சேலைக்குள்ளே வளையமாகவே கட்டிக்கொண்டு ரயில் ஏறினேன். ஒட்டியாணம் கட்டாத குறையை இந்த வயதில் தீர்த்துக்கொண்டேன் என்று எனக்கே சிரிப்பு வந்தது.

வவுனியாவில் சிரிப்பு நின்றது. ஆமி பெண்களைச் சோதிக்கும் வரிசையில் எனக்கு நாலைந்து பேருக்கு முன்னால் நின்றவளின் இடுப்பிலிருந்து, அதுவும் தடைச்சாமான்தான், இரண்டு ரோச் பற்றரி எடுத்தார்கள். வரிசையை விட்டு விலகி, கக்கூசுக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். பெல்ட்டைக் கழற்றி இரண்டாக மடித்தேன், பிறகு நான்காக மடித்தேன். அது துள்ளித் துள்ளி விரிந்தது. முழங்காலால் அமர்த்தி, தலைமயிர் றிபனால் இறுக்கிக் கட்டி, மாதவிலக்குக்கு வைத்திருந்த துணிகளுக்கு நடுவில் வைத்துப் பையை மூடினேன். சோதித்த பெண் பையைத் திறந்தாள், துணிகளைப் பார்த்தாள், மூடித் தந்துவிட்டாள்.

யாழ்ப்பாணத்துக்குக் கடக்கவேண்டிய கிளாலிக் கடல் கொந்தளித்ததால் இரண்டு நாள் வள்ளம் ஓடவில்லை. எங்கேயோ ஒரு பள்ளிக்கூட விறாந்தையில் சனத்தோடு சனமாகக் கிடந்தேன். அத்தனை பேருக்கு நடுவில் பையைத் திறந்து அதை அவிழ்க்க முடியவில்லை. வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது பெல்ட் மூன்று நாளாக நான்காகவே இருந்தது.

அவிழ்த்ததும் அது கடைவாய்க் கொடுப்புக்குள் சிரித்துக்கொண்டு விரிந்தது மாதிரி இருந்தது. மடிப்பு விழுந்த இடங்களை விரலால் நீவி, அறைக்குள் ஆணியில் தொங்கவிட்டேன். விடிந்து பார்த்தால் அடையாளமே இல்லை. புதுப் பெல்ட், மினுக்கம் கூடக் குறையவில்லை.

மெக்கானிக் பூவரசுக்குக் கீழே வானை நிறுத்தி வேலையைத் தொடங்கினார். பழையதைக் கழற்றுமுன் இரண்டு சில்லிலும் வெள்ளைப் பெயின்ற்றால் குறி வைத்தார். புதுப் பெல்ட்டைக் கையில் எடுத்து, பல்லுப் பல்லாய் விரலை ஓடவிட்டார். ஓரிடத்தில் விரல் நின்றது.

"ரீச்சர், இது எங்கையும் மடிஞ்சதோ?"

என் கணவர் அருகில் நின்றார். வேலிக்கு அப்பால் இரண்டு ஆம்பிளைகள் வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றார்கள். மடித்தேன் என்றால் ஏன், எங்கே, எதற்குள் வைத்து என்று கேள்வி வரும். அந்தத் துணிப்பையைப் பற்றி அந்த முற்றத்தில் நின்று நான் எப்படிச் சொல்வது? அதைவிடப் பெரிய காரணம், 'உம்மாலை ஏலாது' என்றவர் பக்கத்தில் நின்றார்.

"இல்லை" என்றேன்.

"அப்ப சரி. மடிஞ்சால் உள்ளுக்கை இருக்கிற நூல் முறிஞ்சிடும். வெளியிலை ஒண்டும் தெரியாது. ஒரு மாசமும் ஓடும், ஒரு வருசமும் ஓடும். அறுக்கிற நேரம் சொல்லாமல் அறுக்கும்."

இதை ஒரு நிமிடம் முந்திச் சொல்லித் தொலைத்திருக்கலாம் என்று அந்த மனிசனிலே எனக்கு ஆத்திரம் வந்தது. என் பிழைக்கு இன்னொருவரைத் திட்டுவது எனக்குக் கைவந்த கலை. அவர் பெல்ட்டை மாட்டி, எஞ்சினைக் கையால் இரண்டு சுற்றுச் சுற்றி, குறிகள் நேராக வந்து நிற்பதைக் காட்டினார். வான் ஒரே இழுப்பில் இயங்கியது.

"கெட்டிக்காரி" என்றார் என் கணவர். கல்யாணம் கட்டிப் பதினான்கு வருடத்தில் அவர் வாயிலிருந்து அந்தச் சொல்லை அன்றுதான் கேட்டேன். பழைய பெல்ட்டை அன்றைக்கே வெட்டிப் படலைக் கதவுக்குக் கட்டு வாராகப் போட்டுவிட்டார். இனி உண்மையைச் சொன்னாலும் திருப்பி மாட்ட ஒன்றுமில்லை.

அதன்பிறகு எனக்கு நிம்மதி இல்லை. தொண்டைமானாற்றிலிருந்து மானிப்பாய்க்குப் போவதென்றால் அப்போது வல்லை வெளியைத் தாண்ட வேண்டும். ஒரு மரம் இல்லை, ஒரு வீடு இல்லை. உப்புக்காற்றும் வெட்டவெளியும்தான். மேலே ஆமி ஹெலிகொப்டர் சுற்றினால் ஒளிக்க ஒரு பற்றை கிடையாது. அந்த வெளியின் நடுவில் வான் நிற்க, உள்ளே தங்கச்சி குத்தில் துடிப்பதை நான் சோறு வடிக்கும்போதும் கண்டேன், கரும்பலகையில் கணக்கு எழுதும்போதும் கண்டேன். அவள் முற்றத்தில் பாயை விரித்து, பேற்றுக்குப் பிறகு தனக்கு அரைக்கவேண்டிய மல்லியையும் மிளகையும் மஞ்சளையும் தானே காயவைத்துக்கொண்டு இருந்தாள். "அக்கா, சரக்குக் காணுமோ, இன்னும் கொஞ்சம் போடட்டோ?" என்று கேட்டாள்.

அவளைக் காப்பாற்ற ஒரு வழிதான் இருந்தது. குத்து வருமுன்பே அவளை ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் கொண்டுபோய் விட்டுவிட வேண்டும். அங்கே அவளுக்கு இருந்தது மாமியார் வீடு. தலைப்பிள்ளைக்கு அழைத்து வந்தவளை ஒன்பதாம் மாதம் மாமியார் வீட்டுக்குத் திருப்பி அனுப்புவதா? எங்கள் ஊரில் அதற்குப் பேர் துரத்திவிடுவது. பெல்ட்டை மடித்தேன் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் காரணம் எல்லோருக்கும் விளங்கியிருக்கும். எனக்கு அந்த வார்த்தை வரவில்லை. வேறு வார்த்தை வந்தது.

"பள்ளிக்கூடத்திலை தவணைச் சோதனை வருது. என்னாலை உனக்குப் பத்தியம் சமைச்சுக்கொண்டு நிக்க ஏலாது. நீ மானிப்பாய்க்கே போ."

அவள் விளையாட்டென்று நினைத்துச் சிரித்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்தாள்.

"அக்கா, நான் ஏதும் பிழை விட்டனானோ?"

"ஒண்டுமில்லை. போ எண்டால் போ."

என் கணவர் கத்தினார். அதற்கு மேலே, வானில் வேண்டாம், நெல்லியடியிலிருந்து வாடகைக் கார் பிடியுங்கள் என்று நான் சொன்னேன். "வீட்டிலை வான் நிக்க, கொட்டில் மாதிரிக் கிடக்கிற காரிலையோ? உமக்கு என்ன விசரே?" என்று கேட்டார். நான் பிடித்த பிடியை விடவில்லை. தங்கச்சி, பிள்ளைக்கென்று கிழித்து மடித்து வைத்திருந்த பழஞ்சேலைத் துண்டுகளை எடுத்துப் பையில் வைத்தாள். காயவைத்த சரக்கைத் தொடவில்லை. காரில் ஏறும்போது என்னைத் திரும்பிப் பார்க்கவும் இல்லை. நான் குசினிக்குள் போய், வாயில் சேலைத் தலைப்பை அடைத்துக்கொண்டு அழுதேன்.

பதினொரு நாள் கழித்து, வயிற்றை வெட்டிப் பெண்பிள்ளை எடுத்தார்கள், தாயும் பிள்ளையும் சுகம் என்று சைக்கிளில் ஆள் வந்து சொன்னார். மச்சான், இப்போதாவது வானில் வாரும் என்று என் கணவர் என்னைக் குத்தலாகக் கூப்பிட்டார். அவருக்குக் கோபம் வந்தால் எனக்குப் புதுப்புது முறைப்பேர் வரும். இப்போது உள்ளே தங்கச்சி இல்லைத்தானே என்று நானும் ஏறினேன், பிள்ளையைப் பார்க்கப் புறப்பட்டோம்.

வல்லை வெளியில், நடுவிலும் நடுவில், 'டக்' என்று சின்னச் சத்தம் கேட்டது. எஞ்சின் நின்றது. வான் தன்பாட்டுக்குக் கொஞ்சத் தூரம் உருண்டு ஓய்ந்தது. காற்றுச் சத்தம் மட்டும் கேட்டது. அவர் ஸ்டார்ட் பண்ணத் திரும்பத் திரும்பத் திறப்பைத் திருக்கினார். நான் கையைக் கட்டிக்கொண்டு இருந்தேன்.

மாலையில் ட்ராக்டரில் கட்டி இழுத்து வந்தபிறகு மெக்கானிக் மூடியைக் கழற்றினார். பெல்ட் ஒரு வாராகக் கையோடு வந்தது. அறுந்த இடம் கத்தியால் வெட்டியதுபோல நேராக இருந்தது. அவர் அதை முற்றத்து மண்ணில் நீட்டிப் போட்டு, அறுந்த நுனியிலிருந்து சாணால் அளந்துகொண்டு போனார். சம தூரத்தில் இன்னும் மூன்று இடத்தில் கோடு விட்டிருந்தது. அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். இப்போதாவது சொல் என்று உள்ளே ஒரு குரல் சொன்னது.

"கொழும்பிலை பழசை மினுக்கி விக்கிறாங்கள் அண்ணை" என்று என் கணவரிடம் சொல்லிவிட்டு மெக்கானிக் பெல்ட்டைச் சுருட்டி இடுப்புச் சாரத்துக்குள் செருகிக்கொண்டார்.

வால்வுகள் வளைந்து போயிருந்தன. வான் அதன்பிறகு ஓடவில்லை. தொண்ணூற்றைந்தில் நாங்கள் வீட்டை விட்டு வெளிக்கிட்டபோது அதற்குள் கோழிகள் அடைகிடந்தன. என் கணவர் அதன் கண்ணாடியைத் துடைத்துவிட்டுத்தான் வந்தார். நான் கெடுத்த உயிர் அது.

பிள்ளை பிறந்த முப்பத்தொன்றாம் நாள் துடக்குக் கழிவுக்கு மானிப்பாய்க்குச் சைக்கிளில் போனோம். வாசலில் செருப்பைக் கழற்றவே எனக்குக் கூச்சமாக இருந்தது. தங்கச்சி எழுந்து வந்து பிள்ளையை என் மடியில் வைத்தாள். கண்ணெல்லாம் தண்ணீர்.

"வல்லை வெளியிலை வான் நிண்டதாம் எண்டு அத்தான் சொன்னவர். நான் உங்கடை வீட்டிலை நிண்டிருந்தால் என்ரை பிள்ளை இல்லை, நானும் இல்லை. உங்களுக்கு மனசிலை ஏதோ தெரிஞ்சிருக்கு அக்கா. நான்தான் விளங்காமல் உங்களைப் பேசிப்போட்டன்."

"சந்நிதியான் முருகன்தான் உங்கடை வாயிலை வந்து நிண்டு சொல்லியிருக்கிறான்" என்றார் அவளுடைய மாமியார்.

காகம் இருக்கப் பனம்பழம் விழுந்தது என்றாவது நான் சொல்லியிருக்கலாம். ஆனால் பனம்பழத்தின் காம்பை அறுத்துவைத்ததே இந்தக் காகம்தான். நான் பிள்ளையின் கால்விரல்களை எண்ணிக்கொண்டு இருந்துவிட்டேன். துரத்திவிட்டவள் என்ற பேரோடு வாழத் துணிந்திருந்தவளுக்கு, தெய்வவாக்கு என்ற பேர் சும்மா கிடைத்தது. அது துரத்திவிட்டவள் என்ற பேரைவிடப் பொல்லாத பேர். பக்கத்து வீட்டு மனிசி ஒருத்தி, மகனுக்கு ஊரைவிட்டு வெளியே போகப் பாஸ் கிடைக்குமோ என்று என்னிடம் வந்து கேட்டாள். அவளை நான் பேசி அனுப்பிய பேச்சையும் ஏதோ அருள்வாக்காக எடுத்துக்கொண்டு போனாள்.

மெக்கானிக் இப்போது இல்லை. என் கணவரும் இல்லை. உண்மையைக் கேட்டிருக்க வேண்டியவர்களில் மிஞ்சி இருப்பது தங்கச்சி மட்டும். தாயும் மகளும் கனடாவில் இருக்கிறார்கள். ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் பிள்ளை என்னோடு போனில் கதைப்பாள். தாய் பக்கத்தில் நின்று அந்தக் கதையை மறுபடி ஒருமுறை சொல்லிக் கொடுப்பாள்.

போன கிழமை பிறந்தநாள் இல்லாமலே போன் வந்தது. அந்தப் பிள்ளைக்கே இப்போது வயிற்றில் எட்டாம் மாதம். அவளுக்கும் குறுக்கேதான் கிடக்கிறதாம். டொக்டர்மார் திகதி வைத்து வெட்டி எடுப்போம் என்கிறார்களாம். அவளுக்குப் பயம். பொறுத்துப் பார்க்கலாமோ என்று யோசிக்கிறாளாம்.

"பெரியம்மா, அம்மா சொல்லுறா உங்களைக் கேக்கச் சொல்லி. உங்களுக்கு மனசு என்ன சொல்லுது? நீங்கள் சொல்லுறபடி செய்யிறன்."

நான் போனை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"டொக்டர் சொல்லுறதைக் கேள் பிள்ளை. எனக்கு மனசு ஒருநாளும் ஒண்டும் சொன்னதில்லை" என்றேன். "போனை அம்மாட்டைக் குடு."